கோல் காக்க வந்தவள்

1

போன கிழமை எங்கள் கட்டடத்தின் வாசல் கதவில் ஓர் அறிவித்தல் ஒட்டியிருந்தது. தண்ணீர்க் குழாய் மாற்றப் போகிறார்களாம். நிலவறையில் கிடக்கிற சாமான்களை மாத முடிவுக்குள் அகற்ற வேண்டுமாம். ஜெர்மனியில் மாடிவீடுகளில் இருக்கிற ஒவ்வொரு குடும்பத்துக்கும் நிலத்துக்குக் கீழே பலகையடித்த ஒரு சின்ன அறை உண்டு. வீட்டுக்குள் வைக்க இடமில்லாததும் எறிய மனமில்லாததும் அங்கேதான் போகும். எங்கள் அறையில் ஓடாத தையல் மெசினுக்கும் மகளின் சின்னச் சைக்கிளுக்கும் முன்னால், வழியை மறித்துக்கொண்டு, ஓர் ஆள் படுக்கக்கூடிய அளவில் ஒரு கறுப்புப் பை கிடக்கிறது. ஐஸ் ஹொக்கியில் கோல் காக்கிறவர்கள் அணிகிற கால் கவசமும் நெஞ்சுக் கவசமும் கம்பிக்கூடு வைத்த தலைக்கவசமும் அதற்குள் இருக்கின்றன. வேர்வை நாற்றம் இன்னும் போகவில்லை.

"உதை இனியும் வைச்சு என்ன செய்யப் போறீர்?" என்று இவர், என் கணவர், கேட்டார். "அந்தப் பிள்ளை திரும்பி வரவே போகுது?"

"வராது."

"பிறகென்ன?"

மகள் ஆரணியிடம் கேட்டேன். அவளுக்குப் பதினாறு வயது. காதில் கொளுவியிருந்த இயர்போனைக் கழற்றாமலே "மியர் எகால்" என்றாள். தனக்கு எப்படியென்றாலும் ஒன்றுதான் என்று அதற்கு அர்த்தம். இப்போது எதைக் கேட்டாலும் இதைத்தான் சொல்கிறாள். இந்தப் பைக்காரியின் பின்னால் இரண்டு வருடம் திரிந்தவள் அவள்.

பைக்காரியின் பெயர் ஹேஜின். கொரியாக்காரி. எங்கள் வீட்டுக்கு மேல்வீட்டில் இருந்தாள்; ஊருக்குத் திரும்பும்போது பையை எங்களிடம் விட்டுவிட்டுப் போனாள். இப்போது தன் ஊரில் கைத்தொலைபேசி விற்கிற கடை ஒன்றில் நிற்கிறாள் என்று அவளுடைய பெரியம்மா சொன்னார். எங்களுக்கு அவள் எழுதுவதில்லை. எழுதுவதென்றாலும் எந்த மொழியில் எழுதுவாள்?

ஊரில் இருந்து இதை வாசிக்கிற நீங்கள் ஐஸ் ஹொக்கி பார்த்திருக்க மாட்டீர்கள். ஜெர்மனிக்கு வந்து பதினைந்து வருடமாக நானும் பார்த்ததில்லை. பனிக்கட்டித் தளத்தில் சறுக்கியபடி ஒரு கறுப்பு ரப்பர் வட்டை நீண்ட தடிகளால் அடித்துக்கொண்டு ஓடுவார்கள். அந்த வட்டு கல்லைப் போலக் கடினமாக இருக்கும். அது வருகிற வேகத்தில் கண்ணுக்குத் தெரியாது. அதை உடம்பால் மறிப்பதுதான் ஹேஜினின் வேலை.

2

எங்களுக்கு விசா ஒழுங்காகி, மொழி வகுப்புக்குப் போகச் சொல்லி அரசாங்கம் கடிதம் அனுப்பிய வருடம் அது. அகதியாக வந்த நாளில் கேட்டபோது தராத வகுப்பை, ஜெர்மன்காரரின் வீடுகளைக் கூட்டிக் கழுவித் துடைத்துப் பழகிய பிறகு தந்தார்கள். நாற்பதை எட்டப்போகிற நேரத்தில் கொப்பியும் பென்சிலுமாகப் போய் இருந்தேன். பக்கத்துக் கதிரையில் ஹேஜின். பத்தொன்பது வயது. குட்டையாக வெட்டிய தலைமயிர், கன்னத்தில் ஒரு நீலக் கண்டல். யாரோ அடித்துவிட்டார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன்.

ஒவ்வொருவராக எழும்பி என்ன தொழில் என்று சொல்ல வேண்டும். நான் துப்புரவு வேலை என்றேன். ஹேஜின் எழும்பி, நிமிர்ந்து நின்று, "இஷ் பின் டோர்" என்றாள். நான் டோர் என்கிறாள்; டோர் என்றால் கோல். கோல் காப்பாளர் என்று சொல்ல வந்தவள் பாதிச் சொல்லில் நிறுத்திவிட்டாள். ஆசிரியைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பழைய ஜெர்மனில் அந்தச் சொல்லுக்கு முட்டாள் என்றும் ஒரு பொருள் இருக்கிறதாம். அதையும் விளங்கப்படுத்தினார். வகுப்பு முழுவதும் சிரித்தது. ஹேஜினுக்கு ஏன் என்று விளங்கவில்லை. விளங்காமல் அவளும் சேர்ந்து சிரித்தாள்.

வகுப்பு முடிந்து ஒரே ட்ராமில் ஏறி, ஒரே தரிப்பில் இறங்கி, ஒரே வாசலில் வந்து நின்றபோதுதான் இருவருக்கும் தெரிந்தது. மேல்வீட்டு மூதாட்டி அவளுடைய தாயின் தமக்கை. நிலக்கரிச் சுரங்கங்கள் ஓடிய காலத்தில் கொரியாவில் இருந்து தாதியாக வந்து, ஒரு ஜெர்மன்காரரைக் கட்டி, இங்கேயே இருந்துவிட்டவர்.

இவருக்கு அவளுடைய பெயர் வாயில் நுழையவே இல்லை. "ஏசின்" என்பார். "ஆரை ஏசினது?" என்று தானே கேட்டுத் தானே சிரிப்பார். நாளடைவில் எங்கள் வீட்டில் அவள் ஏசின் ஆகிவிட்டாள். அவள் என்னை அக்கா என்று கூப்பிட்டாள். ஆரணிதான் சொல்லிக் கொடுத்தாள்.

ஒரு நாள் மாடிப்படியில் "அப்பா, அப்பா" என்று ஒரு குரல் கெஞ்சுவது கேட்டது. எங்கள் சனத்தில் யாரோ என்று பதறிக் கதவைத் திறந்தேன். ஹேஜின் தொலைபேசியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு படியில் இருந்து அழுதுகொண்டிருந்தாள். அவர்களும் அப்பாவை அப்பா என்றுதான் கூப்பிடுகிறார்கள். மற்றது ஒன்றும் விளங்கவில்லை. அந்த ஒரு சொல்லில் எல்லாம் விளங்கியது.

3

அவள் ஏன் இந்த நாட்டுக்கு வந்தாள் என்பதை அறிய எனக்கு ஒரு குளிர்காலம் பிடித்தது. அவளுடைய ஜெர்மனும் என்னுடைய ஜெர்மனும் சேர்ந்து ஒரு கதையைச் சொல்லி முடிக்க அவ்வளவு காலம் வேண்டும்.

அவளுடைய நாட்டில் அப்போது ஐஸ் ஹொக்கிக்குப் பெண்கள் கழகங்கள் என்று சொல்லும்படியாக ஒன்றும் இல்லையாம். இருந்தது நாட்டின் அணி மட்டும்தான். பள்ளிக்கூடப் பிள்ளைகளும் கடையில் வேலை செய்கிறவர்களுமாக ஆட்களைச் சேர்த்து, ஆண்கள் விளையாடி முடித்த பிறகு மிஞ்சிய நேரத்தில் பழகுவார்கள். வெளிநாட்டுக்குப் போய்ப் பெரிய அணிகளிடம் அடி வாங்கிக்கொண்டு வருவார்கள். அந்த அணியில் ஹேஜின் இரண்டாவது கோல் காப்பாளர். விளையாடப் போட்டியே இல்லாமல் எப்படி முதலாவதாக வருவது? ஜெர்மனியில் பெண்களுக்கும் கழகங்கள் இருக்கின்றன, கிழமைக்குக் கிழமை போட்டி இருக்கிறது என்று கேள்விப்பட்டு, பெரியம்மா வீட்டில் தங்கி மொழி படிக்கிறேன் என்று விசா எடுத்து வந்துவிட்டாள். படித்து வேலைக்குப் போகச் சொன்ன தகப்பன் அன்றிலிருந்து தொலைபேசியில் ஏச்சுத்தான்.

நானும் கோல் காத்தவள் என்று அவளுக்குச் சொன்னேன். நம்பவில்லை. யாழ்ப்பாணத்தில் பெண்கள் பள்ளிக்கூடங்களில் வலைப்பந்து விளையாடாதவர் யார்? எனக்கு உயரம். எதிர்ப் பக்கத்தவளின் முகத்துக்கு முன்னால் கையை நீட்டிக்கொண்டு நிற்கிற இடம் எனக்கு. மாவட்டப் போட்டிக்குப் பழகிக்கொண்டிருந்த நேரத்தில் சண்டை தொடங்கியது. பள்ளிக்கூடம் அகதி முகாமாகியது. கோல் கம்பத்துக்கும் மாமரத்துக்கும் நடுவில் கயிறு கட்டிச் சனம் உடுப்புக் காயப்போட்டது. நாங்களும் அந்தச் சனத்தோடுதான் இருந்தோம். போட்டி தள்ளிவைக்கப்பட்டது என்று விளையாட்டு ரீச்சர் சொன்னார். தள்ளித் தள்ளி அது எங்கே போனதென்று தெரியாது. இனி இல்லை என்று ஒருவரும் வந்து சொல்லவில்லை. கொழும்புக்கு வந்து விமானம் ஏறுகிற வரையிலும் அந்தப் போட்டி தள்ளிவைக்கப்பட்டுத்தான் இருந்தது.

ஜெர்மன் கழகத்திலும் அவளுக்கு முதல் வருடம் களத்தில் இறங்காதவர்கள் இருக்கிற வாங்குதான். முதல் காப்பாளராக இருந்த பெண் கர்ப்பமானபோது இடம் கிடைத்தது.

அந்தக் குளிர்காலம் முழுவதும் எங்களுக்கு ஹொக்கிதான். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு ஆரணி அவளுடைய போட்டிகளுக்கு ஓடினாள். சண்டை பிடித்துப் பார்த்தேன், முடியவில்லை. பிறகு நானும் போனேன். பார்க்க வந்திருக்கிறவர்களை விரல் விட்டு எண்ணலாம். பெரும்பாலும் விளையாடுகிறவர்களின் தாய்தகப்பன்மார். எங்களைப் பார்த்தவர்கள் நாங்கள்தான் ஹேஜினின் வீட்டார் என்று நினைத்தார்கள். நாங்கள் மறுக்கவில்லை.

கவசங்களுக்குள் அவள் வேறு ஆள். இரண்டு முழங்காலையும் உள்ளுக்கு மடித்துத் தடால் என்று பனியில் விழுவாள். அடுத்த கணம் எழும்பி நிற்பாள். விழுந்தும் எழும்பியும் ஒரு போட்டிக்குள் எத்தனை முறை என்று தெரியாது. எதிர்ப் பக்கத்துப் பெண்கள் தலையில் கைவைத்துக்கொண்டு திரும்பிப் போவார்கள். "உவளைத் தாண்டி ஈயும் போகாது" என்று ஒரு நாள் இவரே சொன்னார்.

4

ஹேஜினின் விசா முடிகிற காலம் வந்தது. வெளிநாட்டவர் அலுவலகத்துக்கு என்னை வரச் சொன்னாள். பெரியம்மா வந்தால் தகப்பனுக்குப் போய்ச் சொல்லிவிடுவார் என்று பயம். அந்தக் கந்தோரின் நீண்ட நடையோடையும், சுவரோடு பூட்டிய கதிரைகளும், இலக்கம் கூப்பிடுகிற மணியும் எனக்கு வீட்டைப் போலப் பழக்கம். ஒவ்வொரு முறையும் இன்னும் சில மாதம், இன்னும் சில மாதம் என்று முத்திரை குத்தி அனுப்பிய இடம் அது.

உள்ளே இருந்த பெண் மரியாதையானவர். அதையும் சொல்ல வேண்டும்.

"இவ்வளவு காலம் படித்தும் ஏன் சோதனை பாஸ் பண்ணவில்லை?" என்று கேட்டார்.

ஹேஜின் தன் கழகத்தின் கடிதத்தைக் காட்டினாள். பயிற்சி, போட்டி, பயணம்.

"இதற்குச் சம்பளம் தருகிறார்களா?"

"இல்லை."

"அப்படியென்றால் இது ஹொபி. ஹொபிக்கு விசா கொடுக்க இயலாது."

பொழுதுபோக்கு என்று சொன்னார். ஹேஜின் என்னைப் பார்த்தாள். நான் ஏதாவது பேச வேண்டும். எனக்குத் தெரிந்த ஜெர்மனைக் கூட்டிச் சேர்த்து, "இவளுக்கு ஹொபி இல்லை. இவள் இதுதான்" என்றேன். அந்தப் பெண் தலையாட்டினார். தனக்கு விளங்குகிறது என்றார். விளங்கினாலும் அதை எழுதுவதற்கு அவருடைய கணினியில் இடம் இருக்கவில்லை. மேல்வகுப்பு ஒன்றில் பதிந்தால் கடைசியாக ஒரு வருடம் தரலாம் என்றார். தந்தார்.

வெளியே வந்து ட்ராமுக்கு நிற்கையில் ஹேஜின் கேட்டாள், "அக்கா, ஹொபி கெட்ட சொல்லா?"

"இல்லை. நல்ல சொல்" என்றேன்.

5

அடுத்த இலையுதிர்காலத்தில் மாடிப்படி ஏறும்போது அவள் கைப்பிடியைப் பிடிக்கத் தொடங்கினாள். குனிந்து சப்பாத்து லேஸ் கட்ட முடியவில்லை. ஆரணி கட்டிவிட்டாள். கேட்டால், "குளிர், குளிர்" என்பாள். அந்தக் காலத்தில்தான் கொரியாவில் இருந்து அழைப்பு வந்தது. ஈஸ்டர் காலத்தில் நாலு நாட்டுப் பெண்கள் அணிகள் ஒல்லாந்தில் கூடி விளையாடப் போகின்றன. தன் நாட்டு அணிக்கு விளையாட அவள் அங்கே வந்து சேர வேண்டும். எங்கள் குசினிக்குள் அவளும் ஆரணியும் கைகோத்துத் துள்ளினார்கள். துள்ளி நிலத்தில் கால் பட்டபோது ஹேஜினின் முகம் வெளுத்ததைக் கண்டேன்.

தை மாதத்தில் டொக்டரிடம் போனோம். மருத்துவ ஜெர்மன் எனக்கு ஏலாது. ஆரணியைப் பள்ளிக்கூடத்துக்கு விடாமல் கூட்டிக்கொண்டு போனேன். எழுத்துக் கூட்டத் தொடங்கிய வயதிலிருந்து எங்களுக்கு மொழிபெயர்க்கிறவள் அவள். வரிக் கந்தோரில், வங்கியில், என்னுடைய வயிற்று ஒப்பரேசனுக்கு முதல் நாள் ஆஸ்பத்திரியில் என்று எல்லா இடத்திலும் பெரிய மனுசியைப் போல நின்று சொல்லித் தந்திருக்கிறாள்.

டொக்டர் படத்தை வெளிச்சத்தில் வைத்துப் பேனையால் காட்டிக் காட்டிப் பேசினார். வேகமாகப் பேசினார். ஹேஜின் அவருடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். முடித்ததும் என்னைப் பார்த்தாள். நான் ஆரணியைப் பார்த்தேன்.

"என்னவாம் பிள்ளை?"

ஆரணி தமிழில் சொன்னாள். "இடுப்பு மூட்டு உரஞ்சி உரஞ்சித் தேஞ்சு போச்சாம் அம்மா. விளிம்பும் கிழிஞ்சிருக்காம். ஒப்பரேசன் செய்தா நோவில்லாமல் நடக்கலாமாம். ஆனா கோல் காக்கிற மாதிரி முழங்காலை மடிச்சு விழ இனி ஏலாதாம். இப்பவே நிப்பாட்டாட்டி முப்பது வயதிலை பொல்லுப் பிடிச்சு நடக்க வேணுமாம்."

"அவளுக்குச் சொல்லு."

"நான் சொல்ல மாட்டன்."

"ஆரணி!"

"ஏலாதம்மா. நீங்கள் சொல்லுங்கோ."

இத்தனை வருடத்தில் அவள் மறுத்தது அன்றைக்குத்தான். தலையைக் குனிந்துகொண்டு தன் கைகளைப் பார்த்தாள். டொக்டர் நேரத்தைப் பார்த்தார்.

என்னிடம் வகுப்பில் படித்த ஜெர்மன்தான் இருந்தது. ஹேஜினின் கையைப் பிடித்தேன். "விளையாட்டு இல்லை" என்றேன்.

"நாளைக்கா?" என்று கேட்டாள்.

"நாளைக்கு இல்லை. அதற்குப் பிறகும் இல்லை."

"ஈஸ்டருக்கு?"

'ஒருபோதும்' என்பதற்கு ஜெர்மனில் மிகச் சின்னச் சொல் ஒன்று இருக்கிறது. அதைப் படித்திருந்தேன், சோதனையில் எழுதியும் இருந்தேன். வாயில் வரவில்லை. இல்லையென்று தலையை மட்டும் ஆட்டினேன். அவள் எழும்பி டொக்டருக்குக் குனிந்து நன்றி சொன்னாள். அவர்கள் அப்படித்தான், எதற்கும் குனிந்து நன்றி சொல்வார்கள்.

வீட்டுக்கு வருகிற வழியில் ஒன்றை மட்டும் கேட்டாள். பெரியம்மாவுக்குச் சொல்ல வேண்டாம். கழகத்துக்கும் சொல்ல வேண்டாம். ஈஸ்டர் வரைக்கும்.

அன்றைக்குச் சமைக்கும்போது எனக்கு ஒரு நினைப்பு வந்தது. போட்டி தள்ளிவைக்கப்பட்டது என்று பொய் சொன்ன எங்கள் ரீச்சர் எவ்வளவு நல்லவர்!

6

வன்னியில் கடைசிச் சண்டை நடந்த அந்த மாதங்களில் எங்கள் சனத்தின் வீடுகள் எப்படி இருந்தன என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. ரீவி அணையவில்லை. வன்னிச் செய்தி கேட்டுக்கொண்டே சாப்பிட்டோம், கேட்டுக்கொண்டே சாப்பிடாமலும் விட்டோம். ஊர்வலங்களுக்குப் போய்க் குளிரில் நின்று, தொண்டை கட்டி வந்தோம். ஹேஜின் சில பின்னேரங்களில் இறங்கி வந்து எங்களோடு இருப்பாள். திரையில் ஓடுகிற சனத்தைப் பார்ப்பாள். ஒன்றும் கேட்க மாட்டாள். நோவை அடக்கக் குளிசை விழுங்கிக்கொண்டு பயிற்சிக்குப் போய் வந்தாள்.

ஒல்லாந்துக்குப் போவதா என்று நான் இவரிடம் கேட்கவே இல்லை. இந்த நேரத்தில் விளையாட்டுப் பார்க்கப் போவதா என்று சனமும் கதைக்கும். இவராகத்தான் சொன்னார்.

"வெளிக்கிடும். இஞ்சை இருந்தாலும் உந்தப் பெட்டிக்கு முன்னாலை இருந்து செத்துக்கொண்டுதானே இருக்கப் போறம். அந்தப் பிள்ளைக்கு ஆர் இருக்கினம்?"

காரில் போனோம். எல்லை தாண்டியது தெரியவில்லை. முன்பு விசா இல்லாத காலத்தில் அடுத்த நகரத்துக்குப் போகவும் அனுமதி கேட்டு அன்ட்ராக் என்று விண்ணப்பம் எழுதிக் கொடுத்த ஆட்கள் நாங்கள்.

அரங்கில் எங்கள் வரிசையில் ஒரு கொரியாக்காரர் தனியாக இருந்தார். கறுத்தக் கோட்டு, மடியில் வீடியோ கமரா. ஹேஜினின் கண்கள் அவருக்கு. எங்களைக் கண்டதும் எழும்பிக் குனிந்தார். நாங்களும் எழும்பிக் கும்பிட்டோம். தகப்பனுக்கும் எங்களுக்கும் நடுவில் பேச ஒரு மொழியும் இல்லை என்று நினைத்தோம்.

போட்டிக்கு முன் பிள்ளைகள் பனியில் இறங்கி உடம்பைச் சூடேற்றிக்கொண்டார்கள். ஹேஜின் கோலுக்குள் போய் நின்றாள். அவளுடைய ஆட்கள் மெதுவாகத்தான் அடித்தார்கள். ஒன்றுக்கு விழுந்தாள், எழும்பினாள். இன்னொன்றுக்கு விழுந்தாள். எழும்பவில்லை. கோல் கம்பியைப் பிடித்து, ஒரு காலை ஊன்றி, பிறகு மற்றக் காலை இழுத்து எழும்பினாள். ஆரணி என் கையை நகம் பதியப் பிடித்தாள். வாங்கடியில் நின்ற பயிற்சியாளரும் பார்த்துக்கொண்டிருந்தார்.

போட்டி தொடங்கியபோது கோலில் நின்றது வேறொரு பிள்ளை. ஹேஜினை விட இளையவள், பயந்தவள். ஹேஜின் வாங்கின் ஓரத்தில் நின்று, பனிக்குள் போகிறவர்களுக்கும் களைத்து வருகிறவர்களுக்கும் சின்னக் கதவைத் திறந்து திறந்து மூடினாள்.

கோல் விழுந்தது. பிறகும் விழுந்தது. ஒவ்வொன்றுக்கும் ஹேஜின் பயிற்சியாளரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் பார்க்கவில்லை. தகப்பன் முதற் பகுதி முழுவதும் கமராவை அந்த வாங்கை நோக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார். இரண்டாம் பகுதியில் அதைப் பைக்குள் வைத்துவிட்டார். கடைசிப் பகுதியில், சனம் களைத்துச் சத்தமில்லாமல் இருந்த நேரம், ஆரணி எழும்பி நின்று "ஹேஜின்! ஹேஜின்!" என்று கத்தினாள். சிலர் திரும்பி எங்களைப் பார்த்தார்கள். ஹேஜின் திரும்பவில்லை. கதவில் கையை வைத்தபடி நின்றாள்.

முடிந்த பிறகு உடுப்பு மாற்றுகிற அறைகளுக்கு வெளியே காத்து நின்றோம். தகப்பன் என்னருகில் வந்தார். பள்ளிக்கூடத்தில் படித்த ஆங்கிலத்தைத் தேடித் தேடி எடுத்தார்.

"என் மகள்... நன்றாக விளையாடுவாளா?"

"ஓம்" என்றேன் பதற்றத்தில். பிறகு ஆங்கிலத்தில், "மிக நன்றாக. மிக மிக நன்றாக" என்றேன்.

அவர் தலையை ஆட்டிக்கொண்டு நின்றார். தன் மார்பைத் தொட்டுக் காட்டி, "நான் ஒரு நாளும் பார்த்ததில்லை" என்றார். "ஒரு நாளும் போகவில்லை. இது முதல் தடவை."

கதவு திறந்தது. பிள்ளைகள் குளித்துவிட்டு ஒவ்வொருவராக வந்தார்கள். எல்லாருடைய தலைமயிரும் ஈரமாக இருந்தது. கடைசியாக ஹேஜின் வந்தாள். அவளுடைய தலைமயிர் மட்டும் காய்ந்து, தலைக்கவசம் அமுக்கியபடியே இருந்தது.